முதல் திங்கள், நண்பகல்

ஹார்வெல் ஊர்க்காரர்களுக்குச் சுழல்காற்று சைரன் என்றால் சாப்பாட்டு மணி, அவ்வளவுதான். மாதத்தின் முதல் திங்கட்கிழமை நண்பகலில் டெஸ்டுக்காக ஊரிலுள்ள எல்லாச் சைரன் கம்பங்களும் ஒன்றாக அலறும். நாய்கள் கூடச் சேர்ந்து ஊளையிடும். மனிதர்கள் கடிகாரத்தைச் சரிபார்த்துவிட்டுச் சாண்ட்விச்சைப் பிரிப்பார்கள்.

போன வருஷம் மே மாதம் அதே நாளில், அதே வேளையில் காற்று நிஜமாகவே வந்து தொலைத்தது. மாவட்ட அவசரகால அலுவலகத்தில் பொத்தானை அழுத்தியவள் மார்வா. சத்தத்தைக் கேட்டும் வண்டியை விட்டு இறங்காமல் நிதானமாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் அவளுடைய சொந்த அண்ணன் ஆர்வில். காற்று வண்டியோடு உருட்டிப் போட்டதில் அவருக்கு இடுப்பெலும்பு முறிந்தது.

"மாசாமாசம் சும்மா சும்மா ஊதினா எவன்டி நம்புவான்?" என்று ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி கத்தினார்.

"வானம் கறுத்திருந்தா டெஸ்டே வைக்க மாட்டோம்ணே. இந்த ஊர்ல பொறந்தவனுக்கு அது தெரியாதா?"

"ஓஹோ, தப்பு என் மேலயா? நல்லா இருக்குடி உன் நியாயம்!"

அத்தோடு பேச்சு நின்றது. ஒரு வருஷமாக அண்ணன் முகம் கொடுக்கவில்லை. மார்வாவும் சளைத்தவள் இல்லை. தேவாலயம், தானியக் கிடங்கு, பள்ளிக்கூடம் என்று ஓரிடம் விடாமல் போய்க் கத்தினாள்: "மேகம் இருந்தா டெஸ்ட் கிடையாது. அன்னைக்குச் சத்தம் கேட்டா நிஜம். மணி பார்க்காதீங்க, நிலவறைக்கு ஓடுங்க!" ஆர்வில் கடைசி வரிசையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். காதில் விழுந்ததா இல்லையா என்று கண்டுபிடிக்க முடியாது. கல்லுளிமங்கன்!

இந்த மே மாதமும் முதல் திங்கள் வந்தது. காலையிலேயே தென்மேற்கு மூலை கறுத்துவிட்டது. மார்வா டெஸ்டை ரத்து செய்து வானொலியில் சொல்லவைத்தாள்.

"வேலை நேரத்துல யாரு ரேடியோ கேக்குறா?" என்றான் உடன் வேலை பார்க்கும் டீக்.

"வாயை மூடிட்டு ராடாரைப் பாரு."

பார்த்தான். முகம் வெளுத்தது. வானிலை மையத்தின் எச்சரிக்கையும் திரையில் வந்து விழுந்தது. காற்று சுழல ஆரம்பித்து, ஆர்விலின் நிலத்தை நோக்கி நகர்ந்துகொண்டிருந்தது. மார்வா சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். நண்பகல். அடப் பாழாய்ப்போன கடிகாரமே, உனக்கு வேறு நேரமே கிடைக்கவில்லையா! இந்த முறையும் டெஸ்ட் என்று நினைத்து உட்கார்ந்துவிட்டால் அண்ணன் பிழைக்க மாட்டார். பொத்தானை அழுத்தினாள்.

சைரன் அலறிக்கொண்டிருக்கும்போதே அண்ணனுக்குப் போன் போட்டாள். மணி அடித்து ஓய்ந்தது. மறுபடி போட்டாள். எடுக்கவில்லை.

காற்று கடந்ததும் டீக்கிடம் வேலையை விட்டுவிட்டு வண்டியை விரட்டினாள். அண்ணன் நிலத்தில் டிராக்டர் கொட்டகையைக் காணோம். அவருடைய வண்டி பள்ளத்தில் தலைகீழாகக் கிடந்தது. ஓடிப்போய் உள்ளே எட்டிப் பார்த்தாள். போன் மட்டும் கிடந்தது.

"அண்ணே! ஆர்வில் அண்ணே!"

வீட்டோரத்து நிலவறைக் கதவின் மேல் மரக்கிளை ஒன்று விழுந்திருந்தது. அடியிலிருந்து யாரோ இடிக்கும் சத்தம் கேட்டது. கிளையை அவள் இழுத்துத் தள்ளியதும் கதவு திறந்தது. வெளியே வந்தது அண்ணன் இல்லை. ஆரஞ்சுச் சட்டை போட்ட ரோடு போடும் ஆள் ஒருவன். அவன் பின்னால் இன்னொருவன், அவனுக்கும் பின்னால் இரண்டு பேர்.

"டெஸ்ட்னு நெனைச்சுச் சோத்தைப் பிரிச்சுட்டோம்க்கா," என்றான் முதல் ஆள். "இந்தப் பெருசு நொண்டிக்கிட்டே ஓடி வந்து, கேக்கக் கூடாத வார்த்தையெல்லாம் சொல்லித் திட்டி இழுத்துட்டு வந்துச்சு."

கடைசியாக ஆர்வில் தலை தெரிந்தது. மார்வாவுக்கு அழுகைதான் வந்தது.

"கையைக் குடுடி. படியேற முடியல."

கொடுத்தாள். மேலே வந்த பிறகும் அவர் கையை விடவில்லை.

"என்னை நம்பினியாண்ணே?"

"நம்பாமலா இந்த நாலு தடியனுங்களையும் இழுத்துட்டு வந்தேன்?" என்றார். மூக்கை உறிஞ்சிக்கொண்டார். "வா, காபி போட்டுத் தர்றேன். வீட்டுக்குக் கூரை இருந்தா."

இருவரும் திரும்பிப் பார்த்தார்கள். கூரை இருந்தது.