உரியவர் இல்லாத கோப்பு

மூக்குக்கண்ணாடிக்கு லென்ஸ் தேய்க்கும் அந்தப் பட்டறைக்குப் புதிதாக வந்த மேனேஜருக்கு, வேலையாட்கள் முதுகுக்குப் பின்னால் வைத்த பெயர் 'சுத்தம்'. வந்த மறுவாரமே மனிதர் சட்டம் போட்டார். பட்டறையில் உள்ள ஒவ்வொரு பொருளுக்கும் உரியவர் ஒருவர் வேண்டும், அவர் பெயர் பெரிய பதிவேட்டில் ஏற வேண்டும். உரியவர் இல்லாதது வெளியே போகும். ஒரு பொருளுக்குக் கையெழுத்துப் போட்டவர், அதை இன்னொருவரிடம் ஒப்படைக்காமல் வேலையை விட்டுப் போக முடியாது.

பட்டறையின் மூன்று பிரிவும் மாறி மாறிப் பெருக்கிய விளக்குமாறு, யாருக்கும் உரியதல்ல என்று முதல் நாளே குப்பைக்குப் போயிற்று. அந்தக் குப்பையை அள்ளத்தான் விளக்குமாறு இல்லை.

பொருளை முடித்துவிட்டு ஆட்கள் பக்கம் திரும்பினார். கம்ப்யூட்டர் பார்க்கிறவளைக் கூப்பிட்டார்.

"ஏம்மா, நீ எந்தப் பிரிவு?"

"மூணு பிரிவுக்கும் நான்தான் சார். அளவெடுக்கிற இடம், தேய்க்கிற இடம், லேபிள் அடிக்கிற இடம்."

"பொதுவான ஆளுன்னு சொல்லு. அப்போ யாரோட ஆளு?"

மூன்று பிரிவுத் தலைவர்களையும் கேட்டார். மூவரும் கூரையைப் பார்த்தார்கள். வெள்ளிக்கிழமையோடு அவளுக்குக் கணக்கு முடிந்தது என்று எழுதிவிட்டார். வீட்டில் கணவன் காலில் மாவுக்கட்டோடு கிடக்கிறான், பிள்ளைகள் இரண்டு பேர், சம்பளம் அவளுடையது ஒன்றுதான். எந்த வாசலில் போய் நிற்பது?

மறுநாள் மேனேஜரின் மைத்துனன் கம்ப்யூட்டர்களைச் சுத்தம் செய்ய வந்தான். அரைகுறையாகக் கற்றவனுக்கே உரிய தைரியம் அவனிடம் ஏராளமாக இருந்தது. எல்லாக் கம்ப்யூட்டர்களிலும் ஒரே பெயரில் ஒரு கோப்பு கிடந்தது. எந்தப் பிரிவும் அதற்கு உரிமை கோரவில்லை. அழித்தான்.

புதன்கிழமை காலை அளவெடுக்கும் கருவி படுத்துவிட்டது. பத்து நிமிடத்தில் தேய்க்கும் இயந்திரம், அடுத்து லேபிள். மூன்று திரையிலும் ஒரே புலம்பல்: இந்தக் கோப்பைக் காணோம்.

"அது பொதுக் கோப்பு சார்," என்றாள் அவள். "ஆளாளுக்கு ஒண்ணு எழுதி வச்சுக்காம, மூணு புரோகிராமும் ஒரே வேலைக்கு இதைத்தான் கூப்பிடும். இது இல்லேன்னா மூணும் எழுந்திருக்காது."

"இதுக்குப் போயி! நான் இன்டர்நெட்ல எடுத்துப் போடுறேன் மாமா," என்றான் மைத்துனன். ஏதோ ஒரு தளத்திலிருந்து அதே பெயரில் ஒன்றைப் பிடித்து வந்து போட்டான். புலம்பல் நின்று திட்டு ஆரம்பித்தது: பதிப்பு பொருந்தவில்லை.

"பேரு ஒண்ணா இருந்தா ஆளும் ஒண்ணாயிடுமா தம்பி?" என்றாள் அவள். "எந்த ஊர்க் குப்பையில இருந்து வந்ததோ, அதுல வைரஸ் இருக்கோ என்னமோ!"

அவன் போட்டதை அழித்தாள், வைரஸ் இருக்கிறதா என்று சோதித்தாள். அலமாரியிலிருந்து தயாரிப்பாளர் கொடுத்த மூல டிஸ்க்கை எடுத்து, ஒற்றைக் கோப்பை மட்டும் உருவாமல் தொகுப்பு முழுவதையும் முறையாக நிறுவினாள். கம்ப்யூட்டர்களை அணைத்து மறுபடி போட்டாள். மூன்று இயந்திரங்களும் பழையபடி இரைந்தன.

மேனேஜர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு பதிவேட்டைத் திறந்தார். "இனிமே இது தொலையக் கூடாது. உரியவர் யாரு?"

பிரிவுத் தலைவர்கள் மறுபடி கூரையைப் பார்த்தார்கள். கையெழுத்துப் போட்டால் நாளை பழி வருமே!

"என் பேரைப் போடுங்க சார்," என்றாள்.

அவர் நிம்மதியாகப் போட்டார். அவள் கையெழுத்திட்டாள். பேனாவை மட்டும் திருப்பிக் கொடுக்கவில்லை.

"இதே மாதிரி பொதுக் கோப்பு இன்னும் இருநூத்துப் பதிமூணு இருக்கு சார். அதுங்களுக்கும் யாரும் இல்ல."

"எழுதும்மா, எழுது!"

இரண்டு நாள் கை வலிக்க எழுதினாள். வெள்ளிக்கிழமை மாலை மேனேஜர் அவளுடைய கணக்கை முடிக்கப் பதிவேட்டைப் புரட்டினார். ஒரு பக்கம், அடுத்த பக்கம், அதற்கடுத்த பக்கம் என்று அவளுடைய கையெழுத்தே வந்தது. அவர் முகம் சுருங்கிப் போயிற்று.

"ஏம்மா, இதையெல்லாம் ஒப்படைச்சிட்டுத்தானே நீ போகணும்?"

"ஆமா சார். யார்கிட்ட ஒப்படைக்கட்டும்?"

மேனேஜர் திரும்பிப் பார்த்தார். மூன்று பிரிவுத் தலைவர்களும் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.