தோளில் விழுந்த கை

பஞ்சு விழுந்தால் அடிபடாது. மாடியிலிருந்து, ஓடுகிற லாரியிலிருந்து, கண்ணாடிக் கதவு வழியாக, எப்படித் தூக்கி எறிந்தாலும் பஞ்சு மாதிரி விழுந்து எழுந்து நிற்பான். பெயர் வந்ததே அப்படித்தான். டைரக்டருக்கு மச்சினன், மனைவியின் கூடப்பிறந்த தம்பி. டைரக்டர் சண்டைப் படமாக எடுத்துத் தள்ளிய காலத்தில், அதில் விழுந்த உதையில் பாதியை, நடிகர்களுக்கு டூப்பாக நின்று வாங்கியவன் அவன்தான்.

"அடிதடியை விட்டா உனக்கு என்ன தெரியும்?" என்று ஒரு பத்திரிகைக்காரன் கேட்டது டைரக்டருக்குச் சுருக்கென்று தைத்தது. சொத்துக்காகப் பேச்சை முறித்துக்கொண்ட அக்கா தங்கை கதையை, ஒரு அறைகூட இல்லாமல் எடுத்தார். தியேட்டரே மூக்கைச் சிந்தியது. அதோடு சும்மா இருந்தாரா? பேய்ப் படம் எடுத்தார், ஜனங்கள் சிரித்தார்கள். சிரிப்புப் படம் எடுத்தார், பேயறைந்த மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். அப்புறம் சோப்பு விளம்பரம்.

"ஊரையே அழ வெச்சீங்க மாமா. இப்ப அழுக்கை அழ வெக்கிறீங்க" என்று பஞ்சு ஓட்டுவான்.

இப்போது மறுபடியும் சண்டைப் படம். ஆனால் அழுகையும் உண்டு.

"கடைசியில அண்ணன் தம்பியைக் கழுத்தை நெரிச்சுக் கொல்றான். தம்பி நீதான்டா மாப்ள."

"நானா? இத்தனை வருஷமா என் முதுகைத்தானே படம் புடிச்சீங்க!"

"இந்தத் தடவை மூஞ்சி."

அக்காவுக்குப் போன் போட்டு அந்த ஒரு வார்த்தையைச் சொல்வதற்குள் பஞ்சுவுக்குக் குரல் உடைந்துவிட்டது.

படப்பிடிப்பு ஒரு சலவைத் தொழிற்சாலையில். ஆள் உயரத்துக்குத் துவைக்கும் இயந்திரங்கள். தரையெல்லாம் சோப்புத் தண்ணீர், குழாய்களில் நீராவி. ஈரப் போர்வையை முறுக்கிக் கழுத்தில் போட்டு இறுக்க வேண்டும். ஒத்திகையில் டைரக்டர், "வாயால கெஞ்சாத. கையால தரையைத் தட்டு" என்றார்.

பஞ்சு தயங்கினான். "மாமா, தட்டுறது நம்ம ஆளுங்களுக்கு வேறயாச்சே."

சண்டைக்காரர்களுக்குள் ஒரே சட்டம்தான். ஐயோ, விடு, செத்தேன் எல்லாம் வசனம். அதற்கெல்லாம் எவனும் நிறுத்த மாட்டான். உள்ளங்கையால் தரையைத் தட்டினால் மட்டும் நிஜம். அந்த நொடியே கையை எடுத்துவிட வேண்டும்.

"நடிப்பா நிஜமான்னு அண்ணனா நடிக்கிற ஹீரோவுக்கு எப்படித் தெரியும்?"

"தெரிய வேணாம். நான் கட் சொல்ற வரைக்கும் அவர் விடக் கூடாது. உன்னை நான் பாத்துக்கறேன். உன் மூஞ்சி எனக்குத் தெரியாதா?"

"அக்கா மேல சத்தியமா?"

"உங்கக்கா மேல பொய்ச் சத்தியம் பண்ணிட்டு நான் வீட்ல சோறு திங்க முடியுமா?"

கேமரா ஓடியது. ஹீரோ பஞ்சுவின் தலையை இயந்திரக் கதவில் மோதினார். உதடு நிஜமாகவே கிழிந்து, வெள்ளைப் போர்வையில் ரத்தம் தெறித்தது. பஞ்சு முழங்கையால் அவர் வயிற்றில் இடித்தான். இருவரும் புரண்டார்கள். முறுக்கிய போர்வை கழுத்தில் ஏறியது. பஞ்சு தரையைத் தட்டினான். அது நடிப்பு.

அப்போது ஹீரோவின் முழங்கால் சோப்புத் தண்ணீரில் வழுக்கியது. அவருடைய மொத்த எடையும் போர்வையில் தொங்கியது. பஞ்சுவின் கண்ணில் ரத்தம் கட்டியது. கை மறுபடி தட்டியது. இப்போது தாளம் இல்லை. தரையில் போட்ட மீன் மாதிரி துடித்தது.

டைரக்டருக்குத் தெரிந்துவிட்டது. வாயும் திறந்தது. ஆனால் மானிட்டர் திரையில் அந்த முகம்! எத்தனை படம் எடுத்தும் ஒருமுறைகூடச் சிக்காத முகம். அவர் கை கேமராமேனின் தோளில் விழுந்தது. கிட்டே போ என்று அர்த்தம். கேமரா கிட்டே போனது.

பிறகுதான் "கட்!" என்று கத்தினார். இயந்திர இரைச்சலில் ஹீரோ காதில் அது ஏறவில்லை. டைரக்டர் பாய்ந்துபோய் அவர் விலாவில் உதைத்தார். எலும்பு முறிந்த சத்தம் எல்லோருக்கும் கேட்டது. நீலம் பாரித்துக் கிடந்த பஞ்சுவின் நெஞ்சில் ஓங்கி ஓங்கிக் குத்தினார். மூச்சு வந்தது. குரல் வரவில்லை.

ஆஸ்பத்திரியில் பஞ்சு காற்றும் கரகரப்புமாகப் பேசினான். "மாமா மட்டும் பாயலேன்னா இந்நேரம் எனக்கு மாலை போட்டிருப்பக்கா." அக்கா புருஷனின் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். டைரக்டர் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

கழுத்துக் கட்டை அவிழ்த்ததும் பஞ்சு நேராக எடிட்டிங் அறைக்கு வந்தான். "என் மூஞ்சியைப் பாக்கணும் மாமா."

எடிட்டர் அந்த இடத்தை ஓட்டினார். முதலில் பஞ்சு சிரித்துக்கொண்டுதான் பார்த்தான். பிறகு சிரிப்பு நின்றது.

"பின்னாடி போங்க சார். இங்க நான் தட்டுறது நிஜம். இப்பத்தான் கேமரா கிட்ட வருது. கேமராமேன் தானா வந்தாரா?"

எடிட்டர் விவரம் தெரியாமல் சிரித்தார். "டைரக்டர் சார் தோளைத் தொடாம அவர் மூச்சுகூட விட மாட்டாரே!"

பஞ்சு எழுந்தான். அவன் வீசிய குத்தெல்லாம் இதுவரை முகத்துக்கு ஒரு விரலளவு முன்னால் நின்றவை. இது நிற்கவில்லை. டைரக்டரின் மூக்கு உடைந்தது. அடுத்ததில் பல் தெறித்து விசைப்பலகையில் விழுந்தது. நாற்காலியோடு சாய்ந்தவரின் விலாவில் ஓர் உதை. டைரக்டர் கையைத் தூக்கித் தடுக்கவில்லை.

"எங்கக்கா மேல சத்தியம் பண்ணீங்க" என்றது அந்த உடைந்த குரல். "அவகிட்ட நீங்களே போய்ச் சொல்லுங்க. இல்ல, நான் சொல்லுவேன்." கதவை நோக்கி நடந்தான்.

எடிட்டர் சுவரோடு ஒட்டி நின்றிருந்தார். "சார்... இந்த ஷாட்டை அழிச்சிடவா?"

டைரக்டர் ரத்தத்தைத் துப்பினார். கண் திரையை விட்டு நகரவில்லை.

"கை வெக்காத. அப்படியே இருக்கட்டும்."

அதைக் கேட்ட பஞ்சு, கதவை உள்ளே தாழ் போட்டுவிட்டு டைரக்டரை நோக்கித் திரும்பி வந்தான்.