இந்தக் கணினியில் இருப்பது

பாதி வீடுதான் தெரிகிறது, ஓட்டுச் சரிவும் ஆற்றைப் பார்த்த ஜன்னலும், மீதியை ஒரு சாம்பல் நிறப் பெட்டி மறைத்துக்கொண்டு நிற்கிறது, எது வேண்டும், இந்தக் கணினியில் இருப்பதா, க்ளவுடில் இருப்பதா, ஒன்றை எடுத்தால் மற்றது அழிந்துவிடும் என்கிறது, தாணு மவுஸில் கையை வைத்தபடி உட்கார்ந்திருக்கிறான், பெருமாள்புரத்து வீட்டில் ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணி வெயில் தரையில் கிடக்கிறது, அடுப்பில் சோறு குழைகிற வாசம் வருகிறது, எழுந்து போய் அணைக்க வேண்டும், எழவில்லை, இந்தப் பெட்டியை அவன் எத்தனை தடவை பார்த்திருப்பான், ஒரு தடவைகூட யோசித்ததில்லை, ஈயை விரட்டுகிற மாதிரி ஒரே தட்டு, இந்தக் கணினியில் இருப்பது, அவ்வளவுதான், போய்விடும், அவனுக்கு எல்லாமே அப்படித்தான், தன் பக்கம் இருப்பதுதான் சரி, அடுத்த பக்கத்தை எட்டிப்பார்க்கிற பழக்கமே மனுஷனுக்குக் கிடையாது, உலகு அதைத்தான் சொல்லிக்கொண்டே இருந்தாள்.

உலகம்மை, வீட்டில் உலகு, விக்கிரமசிங்கபுரத்துக்காரி, நான்கு வருஷம் அவன் மனைவி, அதில் கூடவே இருந்தது இரண்டு வருஷம், ஊரடங்கில் இருபது பேர் வந்து நின்ற கல்யாணம், மறுநாளே தெருமுனையில் கம்பு கட்டி அடைத்துவிட்டார்கள், முன்னே பின்னே பேசியிராத இரண்டு பேர் ஒரு வீட்டுக்குள், என்னத்தைப் பேசுவது, அவன் ஒரு எஞ்சினியரிடம் வீட்டு வரைபடம் போடுகிறவன், அதற்கென்று வாங்கிய பெரிய கம்ப்யூட்டரில் ஒரு விளையாட்டு வைத்திருந்தான், வெட்டவெளியைக் கொடுத்து மரம் வெட்டு, கல் சும, வீடு கட்டிக்கொள் என்கிற விளையாட்டு, மூன்று நாள் அவன் நாற்காலிக்குப் பின்னால் நின்று பார்த்தாள், நாலாம் நாள் வாயைத் திறந்தாள், ஏங்க, அடுப்படிய எதுக்கு இப்படி நடுவுல வச்சிருக்கீங்க, பொகையெல்லாம் வீட்டுக்குள்ளல்லா வரும், இதுல பொகையெல்லாம் வராது, உலகு, வராட்டாலும் பரவால்ல, மாத்துங்க, மாற்றினான், தாலி கட்டியது ஒரு கணக்கு, உண்மையில் கல்யாணம் நடந்தது அன்றைக்குத்தான் என்று பிற்பாடு அவன் பலமுறை நினைத்துக்கொள்வான்.

முதல் சண்டை எதற்கு வந்தது என்பது மறந்துபோய்விட்டது, தப்பு அவன்மேல் என்பது மட்டும் மறக்கவில்லை, மன்னிப்புக் கேட்க அவனுக்கு நாக்கு எழாது, விளையாட்டில் கட்டிய வீட்டின் வாசலில் ஒரு பலகையை நட்டான், நாலு வரி எழுதலாம், தமிழ் எழுத்தை அது ஏற்காது, இங்கிலீஷ் எழுத்தில் தமிழை அடித்தான், தப்பு என் மேலதான், என்று, அவள் மத்தியானம் விளையாட உட்கார்ந்தாள், அவன் திரும்பி வந்து பார்க்கும்போது பலகைக்குப் பக்கத்தில் ஒரு விளக்கு எரிந்துகொண்டிருந்தது, அதிலிருந்து அது வழக்கமாகிவிட்டது, சொல்ல முடியாததைப் பலகையில் சொல்வது, சம்மதம் என்றால் விளக்கு, முடியாது என்றால் பலகையைப் பிடுங்கிவிடுவது, இன்னிக்குப் பிரியாணி வாங்கட்டா என்று இவன் நடுவான், அவள் பிடுங்குவாள், மறுபடி நடுவான், மறுபடி பிடுங்குவாள், அன்றைக்கு ரசம்தான். சிரித்திருக்கிறார்கள், இந்த வீட்டில், இதே நாற்காலியில் இரண்டு பேரும் இடித்துக்கொண்டு உட்கார்ந்து.

பிறகு அவளுக்குக் கோயம்புத்தூரில் கல்லூரி வேலை கிடைத்தது, நீ மொதல்ல போ, ஆறு மாசத்துல நானும் வந்திருதேன் என்றான், அவளுடைய லேப்டாப்பில் தானே அந்த விளையாட்டைப் போட்டு, இங்கே உள்ள அதே கணக்கில் திறந்து கொடுத்தான், விளையாடியதற்கெல்லாம் கம்பெனிக்காரனுடைய இடத்தில் ஒரு நகல், ஒரு படி இருக்கும், அதுதான் க்ளவுட், நீ அங்க தொறந்தாலும் இதே வீடுதான் வரும், உலகு, இங்க செஞ்சது அங்க தெரியும், அங்க செஞ்சது இங்க தெரியும், அவள் பெட்டியில் சேலைகளை அடுக்கிக்கொண்டே, அப்போ நான் இங்கதான் இருக்கேன்னு வச்சுக்கிடலாம், என்றாள், அவள் குரல் இப்போதும் அந்த அலமாரிப் பக்கத்திலிருந்து கேட்கிற மாதிரிதான் இருக்கிறது. ஆறு மாசம் ஒரு வருஷம் ஆயிற்று, இவன் கிளம்புகிறேன் கிளம்புகிறேன் என்று சொன்னானே தவிர கிளம்பவில்லை, ஒரு நாள் போனில் அவள் கேட்டாள், வருவீங்களா மாட்டீங்களா, ஒண்ணு சொல்லுங்க, அவன் சொன்னான், ஒனக்கு அந்த ஊரு புடிச்சுட்டுன்னா அங்கயே இருந்துக்கோ, அவள் போனை வைத்துவிட்டாள், அப்புறம் இரண்டு பேரும் பேசவில்லை.

போனை வைத்தது அவள், அவளே முதலில் பலகை நடட்டும் என்று இவன் வீம்பாக இருந்தான், வீம்புக்குள்ளே ஆசை இருந்தது, அதனால்தான் அந்த அறையைக் கட்ட ஆரம்பித்தான், ஆத்தப் பாத்து ஒரு ரூம் வேணும், புஸ்தகம் மட்டும் வைக்க, என்று எப்போதோ அவள் கேட்டிருந்தாள், வேலை முடிந்து வந்து தினமும் கொஞ்சம் கட்டுவான், ஒரு நாள் சுவர், ஒரு நாள் நிலைப்படி, அவள் திறந்து பார்த்தால் புரிந்துகொள்வாள் என்று நினைத்தான், அலுவலக மென்பொருள் நேரம் காலம் இல்லாமல் அப்டேட் ஆகத் தொடங்கிவிடும் என்று நெட் வயரை எப்போதும் பிடுங்கியே வைத்திருப்பான், வாரத்துக்கு ஒரு தடவை சொருகும்போது இந்தச் சாம்பல் பெட்டி வந்து நிற்கும், இரண்டு பக்கமும் மாற்றம் இருக்கிறது, எது வேண்டும், அந்தப் பக்கம் என்றால் கட்டிய அறை போய்விடுமே என்று பதறுவான், தட்டுவான், இந்தக் கணினியில் இருப்பது. கம்ப்யூட்டர் பார்க்கிற ஜெபமணி ஒரு தடவை கூடவே இருந்தான், அண்ணாச்சி, ரெண்டையும் ஒரு காப்பி எடுத்து வச்சுட்டு அமுக்குங்க, எதுல என்ன கெடக்குன்னு யாருக்குத் தெரியும், என்றான், இவன் தலையை ஆட்டினான், தட்டினான். அந்தப் பக்கத்து மாற்றம் வேறு யார் செய்தது, உலகுதானே, அவள் என்ன செய்திருக்கிறாள் என்று பார்க்கத் தோன்றியதா, செடிக்குத் தண்ணீர் ஊற்றியிருப்பாள் என்று நினைத்துக்கொண்டான், படித்தவன்தான், மடையன்.

கோர்ட் வராந்தாவில் அவள் வெளிறிய நீலச் சேலையில் நின்றாள், இரண்டு பேரும் சேர்ந்து கேட்ட விவாகரத்து, அதனால் சத்தம் எதுவும் இல்லை, கூப்பிடுவதற்காகக் காத்திருந்தபோது அவள்தான் பேசினாள், நான் அஞ்சு தடவ கேட்டாச்சு, நீங்க அஞ்சு தடவையும் பதில் சொல்லியாச்சு, அதான் வந்து நிக்கோம், என்றாள், ஒரு போன்கூடச் செய்யாதவள் இப்படிப் பச்சையாகப் பொய் சொல்கிறாளே என்று அவனுக்குச் சுருக்கென்றது, நீ எப்பக் கேட்ட, என்றான், அவள் அவனை நிமிர்ந்து பார்த்தாள், சரி, விடுங்க, என்றாள். வாயடைத்துவிட்டோம் என்று அன்றைக்கு அவனுக்கு ஒரு திருப்தி, அந்தத் திருப்தியை நினைத்தால் இப்போது உடம்பு கூசுகிறது.

அவள் தம்பியை ஜங்ஷன் பஸ் நிறுத்தத்தில் பார்த்தது போன பங்குனியில், அக்காவுக்குத் தை மாசம் கல்யாணம் முடிஞ்சிட்டு, அத்தான், என்றான், சொன்ன பிறகுதான் அத்தான் என்று கூப்பிட்டுவிட்டது உறைத்து நாக்கைக் கடித்துக்கொண்டான், பரவாயில்லை என்று இவன் தோளைத் தட்டினான், எப்படி இருக்கா, என்று கேட்டான், நல்ல மனுஷன் கெடச்சிருக்காரு, அக்கா இப்ப சிரிக்கா, என்றான், பஸ் வந்தது, ஏறிப் போய்விட்டான், இவன் போக வேண்டிய பஸ்ஸும் வந்து போயிற்று.

போன வாரம் கம்ப்யூட்டர் படுத்துவிட்டது, ஜெபமணி திறந்து பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான், டிஸ்க் போயிட்டு, அண்ணாச்சி, உள்ள ஒண்ணும் மிஞ்சல, வெளையாட்டுக்குக் கவலப்படாதீங்க, அது மேல க்ளவுட்ல பத்திரமா இருக்கும், என்று புது டிஸ்க் போட்டுக் கொடுத்தான், இன்று காலையில் கம்பெனியின் பக்கத்தைத் திறந்து தன் படியைத் தேடினான், கீழே பழைய படிகள் என்று ஒரு வரி, அவனுக்குத் தெரியாத வரி, தட்டினால் ஒரு பட்டியல் நீண்டது, மோதலில் தோற்றுப்போன படிகளையும் அவர்கள் எறியாமல் வைத்திருந்திருக்கிறார்கள், இந்தப் பட்டியலில் கைவைத்த பிறகு ஒன்றை உறுதி செய்தால் மற்றவை எல்லாம் அழிக்கப்படும் என்று எழுதியிருந்தது, தேதி, எந்தக் கணினி, எல்லாவற்றிலும் தாணு, தாணு, தாணு, நடுவில் ஐந்து இடத்தில் மட்டும் உலகு, மூன்று வருஷத்துக்கு முந்தைய ஆடியிலிருந்து கார்த்திகைக்குள். ஐந்து. கோர்ட் வராந்தா அப்போதே நினைவுக்கு வந்துவிட்டது, ஐந்தையும் இறக்கிக்கொண்டு, நெட் வயரைப் பிடுங்கிவிட்டு ஒவ்வொன்றாகத் திறந்தான்.

முதலாவதில் வாசலில் பலகை, கோவம் போச்சா, இரண்டாவதில், பலகையப் புடுங்கிட்டீங்க, சரி, ஆனா ரூம் அழகா வருது, மூன்றாவதில், நான் வரட்டுமா, நான்காவதில் பலகையில், வேலைய விட்டுட்டே வாரேன், அவன் பாதி கட்டிய அறைக்குள் ஜன்னலைப் பார்த்து அவள் ஒரு நாற்காலி போட்டிருக்கிறாள், கூரைகூட இல்லை, மழை விழுகிறது, நாற்காலி நனைகிறது, ஐந்தாவதில், வெளக்கு வைங்க, சனிக்கெழம வாரேன், இனி கேக்க மாட்டேன். அந்தச் சனிக்கிழமை எது என்று எண்ணிப் பார்த்தான், அன்றைக்கு இவன் அவளுக்காக அந்த அறைக்குத் தளம் போட்டுக்கொண்டிருந்தான், பலகை நட்டவள் அடுத்த வாரம் திறந்து பார்த்திருப்பாள், பலகை இருக்காது, நாற்காலி இருக்காது, இன்னும் ஒரு சுவர் உயர்ந்திருக்கும், ஐந்து தடவையும் அப்படித்தான், அவளுக்காகக் கட்டிய அறையைக் காப்பாற்ற அவள் கேட்ட கேள்வியை ஐந்து தடவை அழித்திருக்கிறான். அவன் அழுதான், சத்தம் போட்டே அழுதான், எதிர்வீட்டில் டிவி ஓடிக்கொண்டிருந்தது, யாருக்கும் கேட்டிருக்காது.

பிறகு அந்த ஐந்தாவது படிக்குள்ளேயே போய்ப் பலகைக்குப் பக்கத்தில் ஒரு விளக்கை வைத்தான். எரிந்தது. அந்த விளையாட்டில் ஒரு சாயங்காலம் முழுக்க அதைப் பார்த்துக்கொண்டு நின்றான், நின்றபின் நெட் வயரைச் சொருகினான், சாம்பல் பெட்டி வந்து பாதி வீட்டை மறைத்துக்கொண்டது, இந்தக் கணினியில் இருப்பதா, க்ளவுடில் இருப்பதா, விரல் பழகிய பக்கம் தானாகவே போயிற்று, இதைத் தட்டினால் பலகையும் விளக்கும் மேலே போகும், அங்கிருந்து உலகுவிடம் போகும், ஏனென்றால் கம்பெனியின் பக்கத்தில் இன்னொரு வரியும் இருந்தது, உலகு, கடைசியாகத் திறந்தது போன ஞாயிறு, மாற்றம் எதுவும் இல்லை, அதற்கு முந்தைய ஞாயிறும், அதற்கும் முந்தையதும், அவள் வருகிறாள், வாசலில் நிற்கிறாள், எதையும் தொடாமல் போய்விடுகிறாள். தெரியட்டுமே, நான் பிடுங்கவில்லை என்று அவளுக்குத் தெரியட்டுமே, நான் பார்க்கவே இல்லை, உலகு, நீ கேட்டது எனக்கு வரவே இல்லை, வந்திருந்தால் அன்றைக்கே வந்து உன் வாசலில் நின்றிருப்பேன், இதை அவளிடம் சொல்ல வேண்டும் என்று நெஞ்சு கிடந்து அடித்துக்கொள்கிறது, சொன்னால் இவன் பாரம் இறங்கிவிடும், இறங்கினது எங்கே போய் ஏறும், கோயம்புத்தூரில் ஒரு வீட்டில், நல்ல மனுஷன் ஒருவர் பக்கத்து அறையில் பேப்பர் படித்துக்கொண்டிருக்க, மூன்று வருஷம் கழித்து எரிகிற ஒரு விளக்கை வைத்துக்கொண்டு அவள் என்ன செய்வாள், அக்கா இப்ப சிரிக்கா, என்றான் அந்தத் தம்பி.

விரலை நகர்த்தினான். அந்தப் பக்கம் அவன் வாழ்நாளில் தட்டியதே இல்லை, இடம்கூடச் சரியாகப் பழகவில்லை, க்ளவுடில் இருப்பது, நிச்சயமா, இதில் உள்ளது அழிந்துவிடும், மற்றப் பழைய படிகளும் அழிந்துவிடும் என்று அது இன்னொரு தடவை கேட்டது, ஆம் என்றான், பெட்டி விலகியது, முழு வீடும் தெரிகிறது, கூரை போட்டு முடித்த அறை, மூடிய ஜன்னல், வெறும் வாசல். இன்றும் ஞாயிறுதான், உலகு வந்து பார்ப்பாள், எப்போதும்போல அவளுக்கு அங்கே பதில் எதுவும் இருக்காது.