அப்பா கொடுத்த 'மாட்டேன்'

ஒரு காலத்தில் கிரேக்க நாட்டில் எங்கள் ஊர் வெலெஸ்டினோவை அட்மீடஸ் என்ற ராஜா ஆண்டான். அவனுக்குச் சாவு நெருங்கியபோது, பதிலுக்கு வேறு யாராவது செத்தால் பிழைக்கலாம் என்று தெய்வம் வழிவிட்டது. கிழட்டு அப்பன் மாட்டேன் என்றுவிட்டான். மனைவிதான் செத்தாள்.

இதைத்தான் என் தம்பி ஸீசிஸ் படமாக எடுக்கக் கிளம்பினான். நடிகர் இல்லை, கிரீடம் இல்லை. எங்கள் அடுப்படியில் நிஜ அப்பாவிடம் நிஜ மகன் கேட்பான்; அவர் "மாட்டேன்" என்பார். முகம்கூடத் தெரியாது, கழுத்தும் கைகளும்தான். பிலிம் சுருளைக் காபித்தூள் கரைசலில் அவனே கழுவுவானாம். பரிசோதனைப் படமாம். சோதனை யாருக்கு என்று கேமரா பிடித்த அக்கா எனக்கல்லவா தெரியும்.

ஸீசிஸுக்கு இரண்டு சிறுநீரகங்களும் போய்விட்டன. என்னுடையது பொருந்தவில்லை. அப்பாவுடையது பொருந்தியது, ஆனால் அவர் இதயம் தாங்காது என்று டாக்டர்கள் கைவிரித்துவிட்டார்கள். அப்பா அவர்களிடம் கத்தினார், கெஞ்சினார், ஈஸ்டருக்கு ஆட்டுக்குட்டி தருவதாகப் பேரம்கூடப் பேசினார். ஒன்றும் நடக்கவில்லை.

அந்த மனிதரைப் போய் மாட்டேன் சொல்லச் சொன்னால்?

முதல் தடவை தம்பி கேட்டதும், "எடுத்துக்கோடா" என்றார். மறுபடி எடுத்தோம். "இதெல்லாம் ஒரு கேள்வியாடா" என்றார். அடுத்த தடவை மேசையில் சிந்திய ரொட்டித் துணுக்குகளைக் கூட்டிக்கொண்டிருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஊரில் வேறு கிழவரே கிடைக்கவில்லையா என்று தம்பியிடம் சிடுசிடுத்துக்கொண்டே கடைசிச் சுருளை மாட்டினேன்.

தம்பி அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டான். ஊசி குத்திக் குத்தி அவன் கை வீங்கிக் கிடந்தது.

"உன்னால குடுக்க முடியாதத நான் கேக்கலப்பா. இந்த ஒரு வார்த்தையத்தான் கேக்கறேன். இதையாவது குடு."

அப்பா அவனையே பார்த்தார். எனக்குப் பின் பிறந்த இரண்டும் தங்காமல் போனதால், இவனாவது வாழட்டும் என்று அந்தப் பொருளிலேயே ஸீசிஸ் என்று பெயர் வைத்தவர் அவர்தான். மெல்லத் தலையசைத்தார். நான் கேமராவை ஓட்டினேன்.

"எனக்காகச் செத்துப்போவியாப்பா?"

"மாட்டேன்."

குரல் பிசிறவில்லை. கை மட்டும் அவன் சட்டையை இறுக்கிப் பிடித்திருந்தது.

தம்பி சிரித்தான். எனக்குத்தான் கேமராவை நிறுத்தக் கை வரவில்லை. அப்பா என் பக்கம் திரும்பினார்.

"சரியாச் சொன்னேனாம்மா? போதுமா அவனுக்கு?"