சிங்கராஜாவிலிருந்து வந்தவள்

"மதினி, மையித்துக் குளிப்பாட்டுற தண்ணி போக எங்க குழி தோண்ட?"

மண்வெட்டியோடு நின்ற கொழுந்தன் சரீபுக்கு, நஃபீஸா ஜன்னலுக்குள்ளிருந்து விரலை நீட்டினாள். வளவு மூலையில், கிடுகு ஓலை நிழலுக்குள் முழங்கால் உயரத்தில் நின்றது அந்த ஹொர மரக்கன்று.

"அதப் புடுங்கி எறிஞ்சிட்டு அங்கயே தோண்டுங்க."

சரீப் தயங்கினான். உள்ளே மையித்தாய்க் கிடந்த அவனுடைய காக்கா, நஃபீஸாவின் புருஷன், உயிராய் வளர்த்த கன்று என்பது தில்லையடி ஊர் முழுக்கத் தெரிந்த விஷயம்.

யுத்தம் முடிந்த வருடம் சிங்கராஜக் காட்டு ஆராய்ச்சி முகாமுக்கு வேலைக்குப் போனவர் அலியார். மாதத்தில் நாலு நாள்தான் வீடு. அந்த நாலு நாளும் காட்டுக் கதைதான்.

"அங்க உள்ள மரங்கள்ல பாதிக்கு மேல இந்த நாட்ட விட்டா உலகத்துல வேற எங்கயுமே இல்ல, நஃபீஸா. ஒரே மரத்துல எத்தன பாசி, எத்தன தவள! மழையப் புடிச்சு வெச்சு ஆத்துக்குக் குடுக்குறதே அந்தக் காடுதான்."

அவள் புதுச் சாரி உடுத்ததை அவர் ஒருநாளும் கண்டதில்லை. பாசியில் எத்தனை பச்சை என்று மட்டும் சொல்லுவார். காட்டுக்குச் சக்களத்தி என்றே பேர் வைத்திருந்தாள் நஃபீஸா. வேலையை விட்டு வந்த அன்று, முகாமில் கொடுத்த கன்றோடு வந்து இறங்கினார். சக்களத்தி வீட்டுக்கே வந்துவிட்டாள். கிணறு உவர்க்கும் மாதங்களில், பவுசர் வண்டியில் வரும் நல்ல தண்ணீரில் முதல் வாளி அவளுக்குத்தான்.

அவர் ஆஸ்பத்திரியில் கிடந்த பதினொரு நாளும் நஃபீஸா அதற்கு ஒரு சொட்டும் ஊற்றவில்லை. வேண்டுமென்றேதான். நேற்றுப் பின்னேரம் அவர் கண் திறந்தார். சாப்பிட்டாயா என்று கேட்கப்போகிறார் என்று குனிந்தாள்.

"கன்டுக்குத் தண்ணி ஊத்தினியா?"

"ஓம்" என்றாள். அதற்குப் பிறகு அவர் பேசவில்லை.

"புடுங்க வருதில்ல மதினி. மேல முழங்கால்தான், கீழ ஆளாழத்துக்கு வேர் போயிரிக்கி" என்றான் சரீப். குழியை அதன் ஓரமாக வெட்டினான்.

கற்பூரம் மணக்கும் தண்ணீர், துணி மறைப்புக்குக் கீழால் ஓடிவந்து அந்தக் குழிக்குள் இறங்கியது. கடைசித் தண்ணியும் இவளுக்கா என்று நஃபீஸா பல்லைக் கடித்தாள்.

ஜனாஸாவைத் தூக்கிக்கொண்டு ஆண்கள் போனார்கள். மகள் றம்லா வெள்ளைச் சாரியும் பாயும் கொண்டுவந்தாள். இனி நாலு மாதம் பத்து நாள், வீட்டோடு இத்தா இருக்கவேண்டும்.

"உம்மா, முன்னறையில பாய் போடவா?"

"பின்னறையில போடு."

"அங்க ஜன்னலத் தொறந்தா வாப்பாட கன்டுதானே தெரியும். ஒங்களுக்குத்தான் அதக் கண்ணுல காட்ட ஏலாதே!"

நஃபீஸா வெள்ளைச் சாரியை வாங்கிக்கொண்டாள்.

"அவளும் இத்தா இருக்கத்தானே வேணும்" என்றாள். "வாளிய எடுத்துட்டு வா. பவுசர் தண்ணி."