பின்சுவர்க் கண்ணாடி

எனக்குக் கை சும்மா இருக்காது. கொத்தனார் புத்தி. பொரிஞ்ச சுவரைப் பார்த்தா பூசிட்டுத்தான் மறுவேலை. பாவி, அதுதான் அக்கா குடியைக் கெடுத்துச்சு.

அக்கா வீடு சரிவுக்குக் கீழ. பின்னாடி மேடு முழுக்கக் களிமண். வெயில்ல கல்லு மாதிரி கிடக்கும். மழை பெய்ஞ்சா தண்ணியைக் குடிச்சு ஊதி, வழுக்க ஆரம்பிச்சிடும். பின்சுவர்ல விரிசல் விழுந்ததும் ஒரு இன்ஜினியர் வந்து பார்த்தாரு. விரிசலுக்குக் குறுக்க மெல்லிசா ஒரு கண்ணாடித் துண்டை சிமென்ட் வச்சு ஒட்டி, பக்கத்துல தேதி எழுதினாரு. அது உடைஞ்சா மேடு நகருதுன்னு அர்த்தம், உடனே வீட்டைக் காலி பண்ணணும்னாரு. வாராவாரம் வந்து பார்த்துட்டும் போனாரு.

அன்னைக்கு நான் அங்க வெள்ளையடிக்கப் போயிருந்தேன். ஏணியை நகர்த்திட்டுப் பார்க்கிறேன், கண்ணாடி ரெண்டா கிடக்கு. ஐயோ, ஏணியால இடிச்சு உடைச்சிட்டோமேன்னு பதறிட்டேன். வேற கண்ணாடி வெட்டி, அச்சு அசலா ஒட்டி, தேதியைக்கூட அவர் கையெழுத்து மாதிரியே எழுதினேன். என்ன சாமர்த்தியம் பாருங்க!

மறுநாள் அவர் வந்து குனிஞ்சு பார்த்தாரு. "பயமில்லை"ன்னுட்டுப் போயிட்டாரு.

ரெண்டு நாள் விடாத மழை. மூணாம் நாள் மத்தியானம் அக்கா கடைக்குப் போன நேரம் மேடு சரிஞ்சு வந்து வீட்டை மூடிடுச்சு. நைட் ஷிப்ட் முடிச்சுட்டு மாமா உள்ள தூங்கிட்டிருந்தாரு.

ஊரே இன்ஜினியரைக் காறித் துப்புச்சு. வேலையை விட்டு நிறுத்தி வச்சு விசாரணை நடக்குது. "கண்ணு அவிஞ்சவன், என் புருஷனைக் கொன்னுட்டான்"னு அக்கா வர்றவங்ககிட்ட எல்லாம் சொல்லிச் சொல்லி அழுதா. நான் பக்கத்துல உட்கார்ந்து அவ முதுகைத் தடவிக்கிட்டிருந்தேன். சீ, நானும் ஒரு மனுஷனா?

ஒரு மாசம் தாங்கினேன். அப்புறம் முடியலை. அவ வாடகைக்கு எடுத்த ரூம்ல உட்கார்ந்து, கண்ணாடியை மாத்தி ஒட்டினது, அதை உடைச்சது ஏணி இல்லை மேடுதான்னு அப்புறம் உறைச்சது, எல்லாத்தையும் கொட்டிட்டேன். மடிச்சிட்டிருந்த துணியை அவ கீழ வச்சா.

"மாமாவுக்குத் தெரியுமாடா?"

தெரியாதுன்னு சொல்லியிருக்கலாம். வாய் வரலை.

"தெரியும்க்கா. இன்ஜினியர்கிட்ட சொல்லிடலாம்னாரு. என் மானத்தை வாங்காதீங்க மாமான்னு நான்தான் கையைப் பிடிச்சுக் கெஞ்சினேன்."

அக்கா எழுந்து போய் கதவைத் திறந்தா. அப்புறம், "எந்திரி. இதை அப்படியே போய் விசாரணையில சொல்லு"ன்னா.

"சொல்லிட்டு வந்துடறேன்க்கா."

"சொல்லு. இங்க வராதே."