திடலில் ஆள் இல்லை

எனக்கு வாய் நீளம் என்று எங்கள் கேமரன் மலைத் தேயிலைத் தோட்டத்து மூணாம் டிவிஷன் முழுக்கத் தெரியும். இருபத்திரண்டு வருஷமாகக் கொழுந்து பறிக்கிறவர்களுக்கு மண்டோராக, கங்காணியாக இருக்கிறவளுக்கு வாய் இல்லாவிட்டால் வேலை நடக்குமா? மலைச்சரிவில் கீழே நிற்கிறவளை மேலே இருந்து கூப்பிட வேண்டும், காற்றையும் மீறிக் கேட்க வேண்டும். "அம்சவல்லி கத்தினா பிரிஞ்சாங் டவுன்ல டிராபிக் நிக்கும்" என்று என் கெங்கில் வேலை செய்கிறவர்கள் கேலி செய்வார்கள். செய்யட்டும். தாமரை செத்தது இந்த வாயால்தான். அதனால் அதை நானே சொல்லிவிடுகிறேன்.

எங்கள் தோட்டத்தில் இருக்கிற ஒரே சமதரை திடல். பந்து மைதானத்தில் பாதி இருக்கும், அவ்வளவுதான். மற்றதெல்லாம் மேடும் சரிவும். காலையில் பெரட்டு அங்கேதான். பேர் கூப்பிட்டு ஆளை மலைக்கு அனுப்புவோம். திருவிழா, கல்யாணப் பந்தி, யூனியன் கூட்டம், புருஷன் பெண்டாட்டி சண்டைக்குப் பஞ்சாயத்து, எல்லாம் அங்கேதான். பக்கத்து வீட்டுக்காரியோடு ஆறு மாசம் பேசாமல் இருந்தாலும் திடலில் அவள் பக்கத்தில் நின்றுதான் ஆக வேண்டும். வீட்டு நம்பர் வரிசைப்படி நிற்பது எங்கள் பழக்கம்.

கீழே லெம்பா பெர்த்தாம் ஊரில் சேறு வந்து வீடுகளை மூடிய வருஷம், எங்கள் ஆட்கள் மண்வெட்டி எடுத்துக்கொண்டு உதவிக்குப் போனார்கள். போய்விட்டு வந்தவர்கள் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. அதற்குப் பிறகு ஒரு கட்டுப்பாடு வைத்தோம். மழை விடாமல் அடித்தால் கோயில் பூசாரி மாடசாமி அண்ணன் அங்கே தொங்குகிற தண்டவாளத் துண்டை அடிப்பார். அடித்தால் சோறு அடுப்பில் இருந்தாலும் அப்படியே விட்டுவிட்டுத் திடலுக்கு வர வேண்டும். மேட்டு லைன் வீட்டு ஆட்கள் கோல் கம்பத்துப் பக்கம், பள்ளத்து லைன் ரோட்டுப் பக்கம், வேலைக்கு வந்த வங்காளிப் பையன்கள் நடுவில். திடல் கலைந்தால்தான் ஆபத்து முடிந்தது என்று கணக்கு. நான் ஒருவரையும் எண்ணியதில்லை. எண்ண வேண்டிய அவசியமே இல்லை. ஒரு ஆள் வராவிட்டால் பல் விழுந்த வாய் மாதிரி அந்த இடம் காட்டிக்கொடுத்துவிடும். இரண்டு தரம் அப்படித்தான் கண்டுபிடித்தோம். ஒரு தரம் குடித்துவிட்டுக் கிடந்தவன், ஒரு தரம் பிரசவ வலி வந்தவள். இரண்டு பேரையும் ஓடிப் போய்த் தூக்கி வந்தோம்.

போன வருஷம் கம்பெனி மேலே ஒரு டீ ஹவுஸ் கட்டியது. கோலாலம்பூர், ஈப்போ சனமெல்லாம் வந்து எங்கள் கொழுந்து மலையைப் பார்த்தபடி கேக் தின்கிற இடம். தின்றால் தின்றுவிட்டுப் போகட்டும், காரில் வருகிறவர்கள் கெரேத்தாவை எங்கே விடுவார்கள்? கம்பெனியின் சின்ன துரை, உதவி மேனேஜர் செல்வராஜு வந்து எங்களைத் திடலில் கூட்டினார். நம் ஆள்தான், படித்தவர், அக்கா தங்கச்சி என்று மரியாதையாகப் பேசுவார்.

"சனி, ஞாயிறு, லீவு நாள் மட்டும்தான் அக்கா. திடல்ல பார்க்கிங் போடுறோம், அவ்வளவுதான் லா. கோயிலுக்குப் புது கூரை கம்பெனியே போட்டுக் குடுக்கும்."

கோயில் கூரை ஒழுகிக்கொண்டுதான் இருந்தது. கை தூக்கச் சொன்னார். எல்லோரும் தூக்கினார்கள். நானும்தான்.

தாமரை தூக்கவில்லை. தாமரை என் புருஷனின் தங்கச்சி, மேட்டு லைன் கடைசி வீட்டுக்காரி. முட்டி தேய்ந்து வேலையை விட்ட பிறகு தனியாக இருந்தாள். ஒரே மகன் ஷர்வின் ஷா ஆலமில் பேக்டரியில் வேலை செய்கிறான். "மழ பேஞ்சா எங்க அண்ணி நிக்கிறது?" என்று எல்லோர் எதிரிலும் என்னைக் கேட்டாள்.

எனக்கு வாய் சும்மா இருக்குமா? "நீ அந்த முட்டிய வச்சிக்கிட்டு நடந்து வர்றதுக்குள்ள மழையே விட்டுரும்டி," என்றேன். திடலே சிரித்தது. அவளும் சிரித்தாள், பாவி மகள்.

அதோடு சரி. மழை வந்தால் இனி எங்கே கூடுவது என்று ஒருத்தரும் பேசவில்லை. கூரை எந்தக் கலரில் வேண்டும் என்றுதான் பேசினோம்.

தீபாவளி கழிந்து இரண்டாவது சனிக்கிழமை. காலையிலிருந்தே மழை. கியா பார்ம் பக்கம் ரோடு அசையவில்லை, அவ்வளவு கெரேத்தா. திடலிலும் கால் வைக்க இடமில்லை. இரண்டு மணிக்கு மழை கண்மண் தெரியாமல் கொட்டியது. மாடசாமி அண்ணன் தண்டவாளத்தை அடித்தார். பழக்கம் யாரை விட்டது? எல்லோரும் குடையும் பிளாஸ்டிக்குமாகத் திடலுக்குத்தான் ஓடினோம்.

சங்கிலி போட்டிருந்தது. காவலுக்கு நின்ற ஜாகா ஒரு நேப்பாளிப் பையன், போன மாசம்தான் வந்தவன். கையை ஆட்டி, "பெனோ, பெனோ" என்றான். இடமெல்லாம் நிறைந்துவிட்டதாம். சண்டை போட்டுப் பார்த்தேன். சங்கிலியைத் தாண்டிப் போய்த்தான் என்ன செய்வது? காருக்கும் காருக்கும் நடுவில் ஒரு ஆள் ஒருக்களித்துப் போகலாம், வரிசையாக நிற்க முடியாது. குழந்தைகள் நனைந்து நடுங்கின. சனம் சிதறிவிட்டது. நாங்கள் நாற்பது பேர் கோயிலுக்குப் போனோம். கொஞ்சம் பேர் கொழுந்து நிறுக்கிற கொட்டகைக்கு, கொஞ்சம் பேர் பால்வாடிக்கு. சிலர் டீ ஹவுஸ் படிக்கட்டில் போய் நின்றார்கள். நான் வாட்ஸாப் குரூப்பில் "யார் யார் எங்க" என்று கேட்டேன். கட்டை விரல் படமாக வந்து விழுந்தது. தாமரை எங்கே என்று கேட்டதற்கு, கொட்டகையில் என்று ஒருத்தி போட்டாள். கொட்டகையில் இருந்தவர்கள் அவள் என்னோடு கோயிலில் இருப்பதாக நினைத்துக்கொண்டிருந்தார்கள். என் நாத்தனார் என்னோடுதானே இருப்பாள்?

மூன்று மணி வாக்கில் மேட்டு லைன் பின்னாலிருந்த மண் இறங்கியது. லாரியில் கல் கொட்டுகிற மாதிரி ஒரு சத்தம், பிறகு ஒன்றும் இல்லை. கடைசி இரண்டு வீட்டின் பின்பக்கம் மண்ணுக்குள் போய்விட்டது. வீடு போனால் போகிறது, ஆள் தப்பித்தோமே என்று கையெடுத்துக் கும்பிட்டோம். அந்தப் புதுக் கூரைக்குக் கீழே நின்றுதான் கும்பிட்டோம்.

மூன்றரைக்கு ஷர்வின் கூப்பிட்டான். பேஸ்புக்கில் பார்த்துவிட்டான்.

"அத்த, அம்மா போன் எடுக்கல. அம்மா எங்க?"

"கோயில்லதான்டா இருக்கா."

"நீங்க பாத்தீங்களா?"

"பாத்தேன்டா, பாத்தேன். அந்தப் பக்கம் ஒக்காந்துருக்கா. போன வை, பேட்டரி இல்ல."

பார்க்கவில்லை. அவன் குரல் நடுங்கியது, எனக்குப் பொறுக்கவில்லை, சொல்லிவிட்டேன். எங்கேயோ பத்திரமாகத்தான் இருக்கிறாள், அதைக் கோயில் என்று சொன்னால் என்ன என்று நினைத்தேன். பிறகு தீயணைப்பு பொம்பா ஆட்கள் வந்தார்கள். பெரியவர் என்னிடம்தான் கேட்டார், ஆள் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று. திடலாக இருந்திருந்தால் திரும்பி ஒரு பார்வை பார்த்திருப்பேன். நான் கோயில் தூணைப் பார்த்துக்கொண்டு, "சுக்குப், என்சிக்" என்றேன். எல்லாரும் இருக்கிறார்கள், ஐயா. அவர்கள் திரிங்காப் பக்கம் ரோட்டை மூடிய மண்ணை எடுக்கப் போய்விட்டார்கள்.

ஏழு மணிக்குக் கோயிலில் கஞ்சி ஊற்றினோம். அப்போதுதான் எல்லா இடத்து ஆட்களும் ஒன்றாகச் சேர்ந்தார்கள். தாமரை இல்லை.

பொம்பா ஆட்கள் திரும்பி வந்து எட்டரைக்கு எடுத்தார்கள். அடுப்படியில், மேசைக்கும் சுவருக்கும் நடுவில், உட்கார்ந்தபடி இருந்தாள். மண் நெஞ்சு வரைக்கும்தான் இருந்தது. முகத்தில் சேறு இல்லை. நான் அவள் கழுத்தைத் தொட்டேன். சூடு இருந்தது. இந்தக் கேமரன் குளிரில், எட்டரை மணிக்கு, உடம்பில் சூடு இருந்தது. அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கு டாக்டர் வந்து சொல்ல வேண்டியதில்லை.

ஞாயிற்றுக்கிழமை அந்த நேப்பாளிப் பையன் என்னைத் தேடி வந்தான். அரைகுறை மலாயில் சொன்னான். நாங்கள் போய்க் கொஞ்ச நேரம் கழித்து ஒரு அம்மா வந்தார்களாம், கால் நொண்டிக்கொண்டு. சங்கிலிக்கு அந்தப் பக்கம் காரையெல்லாம் பார்த்தபடி நின்றார்களாம். யாரையோ தேடுகிற மாதிரி இருந்ததாம். பிறகு திரும்பி மேட்டுக்குப் போய்விட்டார்களாம்.

கட்டுப்பாட்டைக் கடைசி வரை கடைப்பிடித்தவள் அவள் ஒருத்திதான். திடலுக்கு வந்தாள். திடலில் ஆள் இல்லை. ஆள் இல்லை என்றால் எங்கள் வழக்கத்தில் ஆபத்து முடிந்தது, வீட்டுக்குப் போகலாம் என்று அர்த்தம். போய்விட்டாள்.

அதை நான் யாரிடமும் சொல்லவில்லை. சனிக்கிழமை ராத்திரியோடு ராத்திரியாக வந்திருந்த ஷர்வின் என் தோளில் சாய்ந்து அழுதான். "கோயில்ல இருந்தவங்க எதுக்கு அத்த திரும்பிப் போனாங்க? காஸ் அடுப்பா? ஐசி கார்டு எடுக்கவா?" என்று நாலு தரம் கேட்டான். ஐந்தாம் தரம் கோபம் வந்துவிட்டது. "அறிவில்லாத பொம்பள அத்த அது. அறிவே இல்ல. சொன்னா கேக்காது," என்று செத்துக் கிடக்கிற தாயைத் திட்டினான். நான் அவன் தலையைத் தடவிக் கொடுத்தேன். தடவின கை என் கைதான்.

திங்கட்கிழமை எடுத்தோம். திடலில் அரை மணி நேரம் இறக்கி வைக்க கம்பெனி அனுமதி கொடுத்தது. ஸ்கூல் லீவு என்பதால் அன்றும் ஓரமாக எட்டு கெரேத்தா நின்றன, நடுவில் தாமரை. எங்களுக்கு ஒரு வழக்கம் உண்டு, சாவு சொல்வது. பெட்டியைத் தூக்குவதற்கு முன்னால் செத்தவரின் கெங் மண்டோர் எல்லோர் எதிரிலும் நின்று, இவர் இப்படித்தான் போனார் என்று சொல்ல வேண்டும். மாறாகத் தெரிந்தவர் யாராவது இருந்தால் அங்கேயே மறுக்கலாம். பிறகு அதைப் பற்றிப் புறம் பேசக் கூடாது. தூக்குப் போட்டுக்கொண்டவனுக்கும் அப்படித்தான் சொல்லியிருக்கிறோம்.

எனக்கு முன்னால் செல்வராஜு பேசினார். "எல்லாரையும் பத்திரமான எடத்துல சேத்துட்டோம். தாமரை அக்காவும் கோயில்ல இருந்தாங்க, மண்டோர் அக்காவே கண்ணால பாத்தாங்க. ஏதோ எடுக்கத் திரும்பிப் போயிருக்காங்க. ரிப்போர்ட்லயும் அப்படித்தான் எழுதியிருக்கோம்." சொல்லிவிட்டு என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார்.

நான் பெட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றேன். "ஆமாம்" என்று ஒரு வார்த்தை போதும். எல்லோரும் அதைத்தான் எதிர்பார்த்தார்கள். ஷர்வின் கொள்ளிச் சட்டியோடு நின்றிருந்தான். வாய்தான் நீளமே தவிர, எனக்கு அவ்வளவு தைரியம் கிடையாது. ஆனால் ரிப்போர்ட்டில் அவள் தன் புத்தியால் செத்தவளாகிவிட்டாள். மகன் வாயிலும் அப்படியே ஆகிவிட்டாள். இந்த இடத்தில் மறுக்காவிட்டால் அவள் என்றைக்கும் அப்படித்தான்.

"நான் பாக்கல," என்றேன்.

என் குரல் எனக்கே கேட்கவில்லை. மறுபடியும் கத்தினேன்.

"தாமரை கோயிலுக்கு வரவே இல்ல. நான் பாக்கல. பாத்தேன்னு பொய் சொன்னேன். அவ இந்தத் திடலுக்கு வந்தா. ஜாகா பாத்துருக்கான். இங்க ஆள் இல்லாததால வீட்டுக்குப் போனா. திடலக் குடுக்கக் கை தூக்குனது நாம. அவ தூக்கல. எல்லாரும் இருக்காங்கன்னு பொம்பாகிட்ட சொல்லித் திருப்பி அனுப்புனது நான். எட்டர மணிக்கு நான் தொட்டப்ப ஒடம்பு சுட்டுச்சு. இப்படித்தான் போனா."

மறுக்க ஒருத்தரும் இல்லை. செல்வராஜு போனை எடுத்துப் பார்த்துக்கொண்டார். மாடசாமி அண்ணன் தரையைப் பார்த்தார்.

ஷர்வின் சட்டியைக் கீழே வைத்துவிட்டு என்கிட்டே வந்தான். அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"மூணரைக்குப் பொம்பாவுக்குத்தான் போன் அடிக்கப் போனேன் அத்த," என்றான் மெதுவாக. "நம்பர்கூட எடுத்து வச்சிட்டேன். எதுக்கும் ஒங்கள ஒரு தடவ கேட்டுக்குவோம்னு கூப்புட்டேன்."

போய்ப் பெட்டியின் தலைமாட்டில் குனிந்து அம்மாவின் காதருகே ஏதோ சொல்லிவிட்டுச் சட்டியை எடுத்துக்கொண்டான். ஆண்கள் தூக்கினார்கள். இனி அவனுக்கு நான் அத்தை இல்லை.